ஆறு நாட்கள் மறைத்துவிட்ட பருவம்

டென்னசி மாநிலத்தில் அமெரிக்கக் கால்பந்தைப் பற்றி எங்கே பேச்சு எழுந்தாலும், சற்று நேரத்தில் அது 1899-ஆம் ஆண்டின் செவானி அணியிடம் வந்து சேர்ந்துவிடும். மலைமேல் ஒரு சின்னஞ்சிறு கல்லூரி, ஆறு நாட்களுக்குள் ஐந்து ஆட்டங்கள், ஏறத்தாழ 2,500 மைல் ரயில் பயணம், ஐந்திலும் வெற்றி, எதிரணிகளுக்கு ஒரு புள்ளிகூட இல்லை. கேட்பவர் வியந்து நிற்கும்போது, சொல்பவர் பைபிளின் ஆதியாகமத் தொனியில் "ஏழாம் நாளிலே அவர்கள் ஓய்ந்திருந்தார்கள்" என்று முடிப்பார். நான் வேலை செய்யும் சாட்டனூகா நகரிலிருந்து செவானி ஒரு மணி நேரத் தொலைவுதான் என்பதால், இந்தக் கதையைப் பலர் சொல்லக் கேட்டிருக்கிறேன். அவர்களுள் என் அலுவலகத்தின் மூத்த ஊழியர் ஒருவர், கதை முடிந்ததும் தவறாமல் ஒரு கேள்வியைச் சேர்த்துக்கொள்வார்: "அவர்கள் இரும்பு மனிதர்கள். இந்தக் காலத்துப் பிள்ளைகளால் இதில் பாதியாவது முடியுமா?"

இந்தக் கேள்வி என்னை விடாமல் உறுத்திக்கொண்டிருந்தது. அவர் குறிப்பிடும் இந்தக் காலத்துப் பிள்ளைகளை நான் நேரில் பார்ப்பவன். இலையுதிர்காலச் சனிக்கிழமைகளில் வாய்ப்புக் கிடைக்கும்போதெல்லாம் மலையேறிச் சென்று செவானியின் இன்றைய அணி ஆடுவதைப் பார்ப்பது என் வழக்கம். 1891 முதல் கால்பந்து ஆடப்பட்டுவரும் அதே திடலில்தான் அவர்கள் இன்றும் ஆடுகிறார்கள். பார்வையாளர்கள் சில நூறு பேர் இருப்பார்கள். வீரர்களின் பெற்றோர், பேராசிரியர்கள், டை கட்டிக்கொண்டு வரும் மாணவர்கள், அவர்கள் கூட்டிவரும் நாய்கள். நான் பார்த்த ஆட்டங்களில் தோல்விகளே அதிகம். அந்தப் பிள்ளைகள் கடைசி நிமிடம் வரை விட்டுக்கொடுக்காமல் முட்டி மோதுவதைப் பார்த்துவிட்டு, திங்கட்கிழமை அலுவலகத்தில் இந்தக் கேள்வியைக் கேட்கும்போது, இதை ஏற்கவும் முடியாமல் மறுக்கவும் முடியாமல் தவிப்பேன். ஒரு தலைமுறையின் வெற்றியை எடுத்து இன்னொரு தலைமுறையை அடிப்பதற்குப் பயன்படுத்துகிறார்கள் என்றால், அந்த வெற்றி உண்மையில் என்ன என்பதையாவது முழுதாகத் தெரிந்துகொள்ள வேண்டும் என்று தோன்றியது. அதனால் அந்தப் பருவத்தின் முதல் ஆட்டத்திலிருந்து கடைசி ஆட்டம் வரை வரிசையாகப் படிக்கத் தொடங்கினேன்.

பன்னிரண்டு ஆட்டங்கள்

முதலில் கண்ணில் பட்டது, அந்த ஆறு நாட்களுக்கு முன்னும் பின்னும் ஒரு முழுப் பருவம் இருக்கிறது என்பதுதான். 1899 அக்டோபர் 21-இல் அட்லாண்டாவில் ஜார்ஜியா பல்கலைக்கழகத்தை 12–0 என்று வென்று தொடங்கிய செவானி, ஒரு நாள் இடைவெளியில் அதே நகரில் ஜார்ஜியா டெக் அணியை 32–0 என்று வென்றது. அந்த வார இறுதியில் டென்னசி பல்கலைக்கழகம் மலைக்கு வந்து 46–0 என்று தோற்றுத் திரும்பியது. இன்று அதே டென்னசி பல்கலைக்கழகத்தின் அரங்கில் ஒரு லட்சம் பேர் அமர்கிறார்கள் என்பதை நினைத்தால்தான் அந்த எண்ணின் கனம் புரியும். பிறகு சவுத்வெஸ்டர்ன் பிரெஸ்பிட்டேரியன் கல்லூரியோடு 54–0. இவற்றுக்கெல்லாம் பின்னர்தான் அந்தப் புகழ்பெற்ற ரயில் பயணம் வருகிறது. பயணம் முடிந்த பின்னும் மூன்று ஆட்டங்கள் இருந்தன. பருவம் முழுவதும் செவானி எடுத்த புள்ளிகள் 322. கொடுத்தவை வெறும் 10. அந்தப் பன்னிரண்டு எதிரணிகளில் ஒன்பது, இன்றைக்குக் கல்லூரிக் கால்பந்தின் உச்சியில் இருக்கும் தென்கிழக்குக் கூட்டமைப்பில் இப்போதோ முன்பு ஒரு காலத்திலோ உறுப்பினராக இருந்தவை.

ஆட்டமும் இன்று நாம் தொலைக்காட்சியில் பார்க்கும் ஆட்டம் அல்ல. திடலின் நீளம் 110 கஜம். பந்தை முன்னோக்கி எறியும் உரிமை 1906-இல்தான் விதிகளில் இடம்பெற்றது. மூன்று முயற்சிகளில் ஐந்து கஜம் முன்னேற வேண்டும் என்பதால், நெஞ்சோடு நெஞ்சு மோதித் தள்ளிக்கொண்டு போவதே பெரும்பாலும் ஆட்டமாக இருந்தது. பந்தை எதிரணியின் எல்லைக்கோட்டுக்கு அப்பால் கொண்டுசேர்க்கும் டச்டவுனுக்கு ஐந்து புள்ளிகள், அதன்பின் பந்தைக் கம்பங்களுக்கு நடுவில் அனுப்பும் உதைக்கு ஒரு புள்ளி. ஒருமுறை திடலைவிட்டு வெளியேறியவர் அந்த ஆட்டத்தில் மறுபடி நுழைய முடியாது. தாக்குதலிலும் தடுப்பிலும் அதே பதினோரு பேர்தான். உடம்பைக் காக்கும் கவசம் என்று சொல்லிக்கொள்ளப் பெரிதாக எதுவும் இல்லை. இந்த விவரங்களைக் கேட்டால் என் சக ஊழியரின் 'இரும்பு மனிதர்கள்' என்ற சொல் நியாயமாகவே தோன்றும். எனக்கும் அப்படித்தான் தோன்றியது, பயணத்தின் காரணத்தைப் படிக்கும் வரை.

இருபது வயதுக் கணக்குப்பிள்ளை

அந்தப் பயணத்தைத் திட்டமிட்டவர் லூக் லீ என்ற மாணவர். அணியின் மேலாளர் பொறுப்பில் இருந்த அவருக்கு அப்போது வயது 20. பிரின்ஸ்டனில் ஆடிப் பழகிய பில்லி சூட்டர் பயிற்சியாளராக இருந்தார். ஹென்றி சைபல்ஸ் அணித் தலைவர். ஆனால் யாரோடு ஆடுவது, எந்த நகரில் ஆடுவது, நுழைவுக் கட்டணத்தில் பங்கு என்ன, ரயில் செலவுக்கு எங்கே போவது என்பவற்றையெல்லாம் கவனித்தவர் இந்த மாணவர்தான். செவானிக்கு ஒவ்வோர் ஆண்டும் நல்ல வருமானம் தந்த ஆட்டம் நாஷ்வில் நகரத்து வாண்டர்பில்ட் பல்கலைக்கழகத்தோடு ஆடுவது. அந்த ஆண்டு நுழைவுக் கட்டணத்தைப் பங்கிடுவதில் இரு தரப்புக்கும் தகராறு ஏற்பட்டு அந்த ஆட்டமே இல்லாமல் போயிற்று. விழுந்த துண்டை எப்படி ஈடுகட்டுவது என்று யோசித்த லீ, டெக்சாஸ், லூசியானா, டென்னசி என்று மூன்று மாநிலங்களைச் சுற்றி, பெரிய ஊர்களில், ஓர் ஆட்டத்துக்கும் அடுத்ததற்கும் இடையே தங்கும் செலவு மிச்சமாகும்படி அடுத்தடுத்த நாட்களில் ஆட்டங்களைக் கோத்துவிட்டார். இரவில் ரயிலில் தூங்கினால் விடுதிக்குக் கொடுக்க வேண்டியதில்லை அல்லவா?

எல்லோரும் தெய்வச் செயலாகப் பேசும் அந்த ஆறு நாட்களும் ஒரு வரவு செலவுக் கணக்கிலிருந்து பிறந்தவை என்று அறிந்தபோது எனக்கு அந்த அணியின்மேல் மதிப்புக் கூடியதே தவிரக் குறையவில்லை. ஒரு கல்லூரி மாணவர், தன் நண்பர்கள் ஆடும் ஆட்டம் அந்த ஆண்டோடு நின்றுபோகாமல் இருக்க, தந்திகளும் கடிதங்களும் அனுப்பி ஒரு முழுப் பயணத்தையே உருவாக்கியிருக்கிறார். அன்று ஆட்டம் மாணவர்களின் பொறுப்பில் இருந்தது. அதன் நட்டமும் அவர்களுடையது, அதைச் சரிசெய்யும் சாமர்த்தியமும் அவர்களுடையது. லீ பின்னாளில் நாஷ்வில்லில் 'டென்னசியன்' நாளிதழைத் தொடங்கி, அமெரிக்க செனட்டராகி, முதல் உலகப்போர் முடிந்த கையோடு 1919 ஜனவரியில் சில படைவீரர்களுடன் நெதர்லாந்துக்குள் நுழைந்து, அங்கே அடைக்கலம் புகுந்திருந்த ஜெர்மனியின் முன்னாள் பேரரசரான கைசரையே பிடித்துவர முயன்று, படைத்தலைமையிடம் கண்டனம் வாங்கிக்கொண்டார். இருபது வயதில் ஆறு நாட்களுக்குள் ஐந்து ஆட்டங்களை அடுக்கத் துணிந்தவரின் பிற்கால வாழ்க்கை அப்படி அமைந்ததில் எனக்கு வியப்பில்லை.

பயணத்தைப் பற்றி நான் நீட்டிச் சொல்ல வேண்டியதில்லை. அது பலமுறை சொல்லப்பட்டுவிட்டது. 21 வீரர்கள் ஏறினார்கள். தண்ணீர் மாறினால் வயிறு கெடும் என்று மலையின் ஊற்றுநீரைப் பீப்பாய்களில் கொண்டுபோனார்கள். நவம்பர் 9-இல் ஆஸ்டினில் டெக்சாஸ் பல்கலைக்கழகத்தை 12–0, மறுநாள் ஹூஸ்டனில் டெக்சாஸ் ஏ அண்ட் எம் அணியை 10–0, அதற்கு மறுநாள் நியூ ஆர்லியன்சில் துலேன் அணியை 23–0, 13-ஆம் தேதி பேட்டன் ரூஜில் லூசியானா மாநிலப் பல்கலைக்கழகத்தை 34–0, 14-ஆம் தேதி மெம்பிசில் மிசிசிப்பி பல்கலைக்கழகத்தை 12–0. நடுவில் 12-ஆம் தேதி ஞாயிற்றுக்கிழமை. எபிஸ்கோப்பல் திருச்சபை நடத்தும் கல்லூரியின் பிள்ளைகள் ஓய்வுநாளில் ஆடவில்லை. ஆகவே அவர்கள் ஓய்ந்திருந்தது நான்காம் நாளில். ஏழாம் நாள் என்ற வாக்கியம் காதுக்கு இனிமையாக இருப்பதால் நிலைத்துவிட்டது. பருவத்தின் பிற பகுதிகள் கதையிலிருந்து உதிர்ந்ததும் அந்த இனிமையால்தான் என்று நினைக்கிறேன்.

அப்படி உதிர்ந்தவர்களில் ஒருவரைப் பற்றி இங்கே சொல்லியாக வேண்டும். அணியோடு கால் பரோஸ் என்ற கறுப்பினத்தவர் சென்றார். ஒவ்வோர் ஆட்டத்துக்குப் பின்னும் வீரர்களின் கைகால்களைத் தேய்த்து உருவி, அடுத்த நாள் எழுந்து நிற்கும்படி செய்தது அவருடைய வேலை. தொடர்ந்து மூன்று நாட்கள் கவசமின்றி மோதிய உடம்புகளை நினைத்துப் பாருங்கள். அந்த ஐந்து வெற்றிகளிலும் அவருடைய கைகளுக்கு எவ்வளவு பங்கு இருந்திருக்கும்! கறுப்பினத்தவரை ரயிலில் தனிப்பெட்டியில் ஏற்ற வேண்டும் என்ற லூசியானாவின் சட்டம் 1890-இல் வந்தது. நியூ ஆர்லியன்சில் ரயிலேறிக் கைதான ஹோமர் பிளெஸ்சியின் வழக்கில் உச்சநீதிமன்றம் அந்தச் சட்டத்தை 1896-இல் செல்லும் என்று தீர்ப்பளித்தது. அதற்கு மூன்றாண்டுகள் கழித்து அதே நகருக்குத்தான் இந்த ரயிலும் போனது. அடிமை முறையில் செழித்த தென்னகத் தோட்ட முதலாளிகளின் பணத்தையும் ஆதரவையும் நம்பி 1857-இல் நிறுவப்பட்ட பல்கலைக்கழகம் செவானி. செவானியே அண்மைக் காலத்தில் தன் வரலாற்றின் அந்தப் பக்கத்தை ஆராயத் தொடங்கியிருக்கிறது. ஆனால் கதை சொல்பவர்கள் ஊற்றுநீர்ப் பீப்பாய்களுக்குக் கொடுக்கும் இடத்தை இன்றும் பரோசுக்குக் கொடுப்பதில்லை. இரும்பு மனிதர்கள் என்ற சொல்லில் அவருக்கு இடமே இல்லை. பிறர் உழைப்பால் மறுநாள் எழுந்து நின்ற உடம்புகளை இரும்பு என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

மான்ட்கோமரியில் ஒரு பிற்பகல்

என் எண்ணத்தைத் திருப்பியது நவம்பர் 30-ஆம் தேதி ஆட்டம். நன்றிசெலுத்தும் நாளான அன்று அலபாமாவின் மான்ட்கோமரி நகரில் செவானி ஆபர்ன் அணியைச் சந்தித்தது. பருவம் முழுவதும் செவானி கொடுத்த பத்துப் புள்ளிகளும் இந்த ஓர் ஆட்டத்தில் போனவை. முடிவு 11–10.

தேதிகளைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு இதைப் படித்தபோது எனக்குச் சட்டென்று ஒன்று தெளிவாயிற்று. தொடர்ந்து மூன்றாம் நாளாக ஆடி, இரவெல்லாம் ரயிலில் குலுங்கி வந்த அணி துலேனை 23–0 என்று வென்றிருக்கிறது. அதற்கும் மூன்று நாள் கழித்து, ஐந்தாவது ஆட்டத்தில், மிசிசிப்பியை 12–0 என்று வென்றிருக்கிறது. ஊர் திரும்பி ஓய்வெடுத்தபின் நவம்பர் 20-இல் கம்பர்லாண்ட் கல்லூரியை 71–0 என்று நொறுக்கியிருக்கிறது. அதன்பிறகு பத்து நாட்கள் ஆட்டமே இல்லை. அப்படி நன்றாக இளைப்பாறி, உடம்பெல்லாம் தேறி மான்ட்கோமரிக்குப் போன அணிதான் ஒரே ஒரு புள்ளியில் தப்பியிருக்கிறது. களைத்திருந்தபோது எவராலும் தொட முடியாத அணியை, தெம்பாக இருந்தபோது ஒருவர் கிட்டத்தட்ட வீழ்த்திவிட்டார். உடல் வலிமைதான் இந்தப் பருவத்தின் விளக்கம் என்றால், இந்த ஆட்டத்தை எப்படி விளக்குவது?

ஆபர்னின் பயிற்சியாளர் ஜான் ஹைஸ்மன். இன்றைக்கு ஆண்டின் தலைசிறந்த கல்லூரி வீரருக்கு வழங்கப்படும் விருது தாங்கி நிற்பது அவருடைய பெயரைத்தான். பந்தை முன்னோக்கி எறியும் உரிமையை விதிகளில் சேர்க்க வேண்டும் என்று பிற்காலத்தில் விடாமல் வாதாடியவர்களில் அவரும் ஒருவர். 1899-இல் அவர் தன் அணிக்குக் கற்றுக்கொடுத்திருந்தது வேகம். ஒரு மோதல் முடிந்து வீரர்கள் மண்ணிலிருந்து எழுவதற்குள் ஆபர்ன் அடுத்த வரிசையில் நின்றுவிடும். எதிரணி தன் இடம் எது என்று தேடிக்கொண்டிருக்கும்போதே பந்து நகர்ந்துவிடும். தள்ளுமுள்ளில் யார் வலியவர் என்பதே ஆட்டம் என்று எல்லோரும் நினைத்திருந்த காலத்தில், இரண்டு மோதல்களுக்கு நடுவில் இருக்கும் நேரமும் ஆட்டத்தின் பகுதிதான் என்று அவர் கண்டுகொண்டிருந்தார். அந்தச் சிந்தனைதான் செவானியை அந்தப் பிற்பகலில் திணறடித்தது.

அந்த 11–10 என்ற எண்ணைச் சற்று உடைத்துப் பார்க்கத் தோன்றுகிறது. அன்றைய விதிகளின்படி பத்து என்பது இரண்டு டச்டவுன்கள், உதைகள் இரண்டும் தவறியவை. பதினொன்று என்பது இரண்டு டச்டவுன்கள், உதைகளில் ஒன்று மட்டும் கம்பங்களுக்கு நடுவில் போனது. இரு அணிகளும் ஒருவருக்கொருவர் நிகராகவே எல்லைக்கோட்டைக் கடந்திருக்கின்றன. வேறுபாடு ஓர் உதையில் மட்டும். அந்தக் காலத்தில் அந்த உதையும் எளிதான காரியமாக இருக்கவில்லை. டச்டவுன் கோட்டின் எந்தப் புள்ளியில் விழுந்ததோ பெரும்பாலும் அதற்கு நேரே பின்னால் வந்து உதைக்க வேண்டியிருந்ததால், ஓரத்தில் விழுந்தால் கோணம் மிகவும் குறுகிவிடும். தோல்வியே காணாத அணி, இரும்பு மனிதர்கள், நூற்றாண்டின் சாதனை என்று இன்று நாம் அடுக்கும் பெயர்கள் அத்தனையும் அந்த ஓர் உதையின் மேல் நிற்கின்றன. பந்து ஒரு சாண் விலகிப் போயிருந்தால் ஆட்டம் சமநிலையில் முடிந்திருக்கும்.

ஹைஸ்மன் இந்த முடிவை ஏற்கவில்லை. நடுவரின் தீர்ப்புகள் தன் அணிக்கு அநீதி இழைத்தன என்று பத்திரிகைக்கே எழுதினார். அவர் சொன்னது சரியா என்று 120 ஆண்டுகளுக்கு அப்பாலிருந்து தீர்ப்புச் சொல்வது என் நோக்கம் அல்ல. ஆபர்னில் அவருக்கு அதுவே கடைசி ஆட்டம். அடுத்த ஆண்டு கிளெம்சனுக்குப் போய்விட்டார். 1916-இல் ஜார்ஜியா டெக் அணிக்குப் பயிற்சியாளராக இருந்தபோது, செவானி 71–0 என்று வென்ற அதே கம்பர்லாண்டை அவர் 222–0 என்று வென்றது தனிக் கதை. கல்லூரிக் கால்பந்தில் இன்றுவரை முறியடிக்கப்படாத வித்தியாசம் அது. அந்த ஆட்டத்தை நான் ஒருபோதும் இரசித்ததில்லை. ஆனால் மான்ட்கோமரியில் அவர் தோற்ற ஆட்டத்தை, நான் பார்க்காத எல்லா ஆட்டங்களிலும், பார்க்க ஆசைப்படும் ஒன்றாக மனத்தில் வைத்திருக்கிறேன்.

செவானி அதிலிருந்து மீண்ட விதம்தான் என்னைக் கவர்ந்தது. இரண்டே நாள் கழித்து, டிசம்பர் 2-இல், அட்லாண்டாவில் வட கரோலினா பல்கலைக்கழகத்தோடு கடைசி ஆட்டம். முடிவு 5–0. பருவத்திலேயே மிகக் குறைந்த புள்ளிகளில் கிடைத்த வெற்றி. 71–0 என்று வென்ற பிள்ளைகளுக்கு, இரண்டு வாரத்துக்குள், தாங்கள் தோற்கக்கூடியவர்கள் என்பது தெரிந்துவிட்டது. அது தெரிந்த பிறகும் போய் ஆடி, ஐந்து புள்ளிகளைக் கடைசிவரை காத்திருக்கிறார்கள். ரயில் பயணத்தின் ஐந்து வெற்றிகளையும்விட அந்த 5–0 எனக்கு உயர்வாகப் படுகிறது. பயணத்தில் அவர்கள் தங்கள் வலிமையை நம்பி ஆடினார்கள். அட்லாண்டாவில் அந்த நம்பிக்கை ஆட்டம் கண்ட பிறகும் ஆடினார்கள்.

1940

கதை சொல்பவர்கள் பேச விரும்பாத இன்னொரு பகுதி செவானியின் பின்வரலாறு. 1932 டிசம்பரில் தென்கிழக்குக் கூட்டமைப்பு உருவானபோது அதை நிறுவிய பதின்மூன்று கல்லூரிகளில் செவானியும் ஒன்று. சில நூறு மாணவர்களே படித்த கல்லூரி, அலபாமா, லூசியானா, டென்னசி போன்ற மாநிலப் பல்கலைக்கழகங்களோடு ஒரே கூட்டமைப்பில் ஆடியது. எட்டுப் பருவங்களில் அந்தக் கூட்டமைப்புக்குள் ஆடிய 37 ஆட்டங்களில் செவானி ஒன்றில்கூட வெல்லவில்லை. 1899-இல் ஒரே வாரத்தில் வென்ற அணிகளும் அவர்களைத் தோற்கடித்தன.

1938-இல் துணைவேந்தராகப் பொறுப்பேற்றவர் அலெக்சாண்டர் கெரி. அதற்கு முன் எங்கள் சாட்டனூகா பல்கலைக்கழகத்துக்குத் தலைவராக இருந்தவர். ஆடுவதற்காகவே மாணவர்களுக்குப் பணம் கொடுத்து அழைத்து வருவது ஒரு கல்லூரியின் வேலை அல்ல என்பது அவருடைய உறுதியான கருத்து. செவானி 1940-இல் கூட்டமைப்பைவிட்டு வெளியேறியது. விளையாட்டுக்கான உதவித்தொகையையும் கைவிட்டது. கால்பந்தை மட்டும் கைவிடவில்லை. போர்க்காலத்தில் நின்றிருந்த ஆட்டம் 1946-இல் மறுபடி தொடங்கியது. தம் அளவுக்கு ஒத்த சிறு கல்லூரிகளோடு, தம் வகுப்புகளில் படிக்க வந்த பிள்ளைகளையே கொண்டு ஆடினார்கள்.

இதைத் தோற்று ஓடியது என்று சொல்பவர்கள் உண்டு. என் சக ஊழியரும் ஒருமுறை அப்படித்தான் சொன்னார். எனக்கோ 1899-ஐயும் 1940-ஐயும் எதிரெதிராக வைப்பதே பிழையாகத் தோன்றுகிறது. லூக் லீ காலத்தில் ஆட்டம் மாணவர்கள் கையில் இருந்தது. அவர்களே அட்டவணை போட்டார்கள், அவர்களே கடனைப் பார்த்துப் பதறினார்கள், அவர்களே போய் ஆடினார்கள். அந்த ஏற்பாட்டிலும் குறை இருந்தது. பணத்துக்காக ஆறு நாட்களில் ஐந்து ஆட்டங்களில் உடம்பைப் பணயம் வைக்கும் நிலை ஒரு மாணவருக்கு வரக்கூடாது என்றுதான் நான் நினைக்கிறேன். 1905-இல் திடல்களில் நேர்ந்த உயிரிழப்புகளைக் கண்டு குடியரசுத் தலைவர் தியோடர் ரூஸ்வெல்ட்டே தலையிட வேண்டியிருந்ததும், மறு ஆண்டே விதிகள் மாறியதும் அந்த ஆபத்தின் அளவைக் காட்டும். ஆயினும் ஆட்டம் யாருக்கு உரியது என்ற கேள்விக்கு அன்று ஐயமற்ற பதில் இருந்தது. நாற்பது ஆண்டுகளில் பெரிய பல்கலைக்கழகங்களில் அந்தப் பதில் மாறிவிட்டது. அரங்கம் நிறைய வேண்டும், வானொலியில் பெயர் வர வேண்டும், பழைய மாணவர்கள் நன்கொடை தர வேண்டும் என்பவற்றுக்காக அணிகள் திரட்டப்பட்டன. அந்த ஓட்டத்தில் சேர்ந்து ஓடியிருந்தால் செவானியின் கால்பந்து அதன் மாணவர்களிடமிருந்து பறிபோயிருக்கும். கெரி அதை மாணவர்களிடமே திருப்பிக் கொடுத்தார். அப்படிப் பார்த்தால், 1899 அணியிடம் இருந்தவற்றில் காக்கத் தக்கது எதுவோ அதைக் காத்தவர் அவர்தான்.

கெரியின் முடிவுக்குப் பின் செவானி மூழ்கிவிடவும் இல்லை. 1957 முதல் 1977 வரை பயிற்சியாளராக இருந்த ஷெர்லி மேஜர்சின் காலத்தில் 1958-இலும் 1963-இலும் அணி ஆடிய எட்டு ஆட்டங்களிலும் வென்று தோல்வியின்றிப் பருவத்தை முடித்தது. அவருடைய மகன் ஜானி மேஜர்ஸ் பின்னாளில் பிட்ஸ்பர்க் அணியைத் தேசியச் சாம்பியனாக்கிப் புகழ்பெற்றார்; தந்தை கடைசிவரை மலையிலேயே இருந்தார். 1963 அணியைப் பற்றி யாரும் சொலவடை உருவாக்கவில்லை. உதவித்தொகை ஒரு டாலர்கூட வாங்காத மாணவர்கள் ஆடிய பருவம் அது என்பதால், எனக்கு அது 1899-க்குச் சற்றும் குறைந்ததாகத் தெரியவில்லை.

இன்றைய செவானி, மூன்றாம் பிரிவு எனப்படும் நிலையில் ஆடுகிறது. நாடெங்கும் ஏறத்தாழ 240 கல்லூரிகள் அந்தப் பிரிவில் கால்பந்து ஆடுகின்றன. எதிலும் விளையாட்டுக்காக உதவித்தொகை கிடையாது. பத்து ஆட்டங்கள்தான் பருவம். சென்ற இலையுதிர்காலத்தில், ஒரு தோல்விக்குப் பின், தடுப்பு வரிசையில் ஆடும் ஒரு மாணவரின் தாயாரோடு வேலியோரம் நின்று பேசிக்கொண்டிருந்தேன். மகனுக்கு முழங்காலில் ஐஸ் கட்டிக்கொண்டிருந்தார்கள். திங்கட்கிழமை வேதியியல் தேர்வு இருப்பதால் இரவே புத்தகத்தை எடுத்தாக வேண்டும் என்று கவலைப்பட்டார். "கல்லூரிக்கட்டணத்தை நாங்கள்தான் கட்டுகிறோம், இவனோ எலும்பை உடைத்துக்கொள்கிறான், வேண்டாம் என்றாலும் கேட்பதில்லை" என்றார். மகன் தலை நிமிராமலேயே, அடுத்த வாரத்து எதிரணி வேகமாக ஆடும் அணி, அவர்கள் வரிசையில் நிற்பதற்குள் நாங்கள் நின்றுவிட வேண்டும், அதற்குத்தான் பயிற்சி எடுக்கிறோம் என்று எனக்கு விளக்கத் தொடங்கினார். மான்ட்கோமரியில் செவானி எதிர்கொண்ட அதே சிக்கல். 1899-இல் அதை எதிர்கொண்டவர்களைப் பற்றி அவருக்குத் தெரியுமா என்று கேட்டேன். ரயில் பயணத்தைப் பற்றித் தெரியும், ஆபர்ன் ஆட்டத்தைப் பற்றித் தெரியாது என்றார். நான் சொல்லச் சொல்ல, அந்த உதையை எந்த இடத்திலிருந்து உதைத்திருப்பார்கள், வேகத்தைத் தடுக்கச் செவானி என்ன செய்தது என்று கேள்விமேல் கேள்வியாகக் கேட்டார். பயணத்தின் 2,500 மைலைப் பற்றி ஒரு கேள்விகூட அவர் கேட்கவில்லை.